அசையாத நீருக்கு ஒரு சான்று

சும்பிங் மலையடியில் ஒரு சிற்றூரில் மருந்துக்கடை வைத்திருக்கும் ரெத்னோவுக்கு நடுநிலை என்றால் வெறி. யார் வேண்டுமானாலும் எழுதலாம், திருத்தலாம் என்கிற இணையக் கலைக்களஞ்சியத்தில் மதக் குழுக்களைப் பற்றிய கட்டுரைகள்தான் அவள் பேட்டை. ஒருவரை மகான் என்று எழுதினால் வெட்டுவாள். புரட்டன் என்று எழுதினால் அதையும் வெட்டுவாள். எங்கே அச்சாகியிருக்கிறது என்பதுதான் அவள் கேட்கிற ஒரே கேள்வி. இரண்டு தரப்பும் திட்டினால்தான் அவளுக்கு அன்றைக்குச் சோறு இறங்கும்.

அவளுக்கும் வந்தது சோதனை. ‘பன்யு ஹெனிங்’ என்று ஒரு புதுக் கட்டுரை. அசையாத நீர் என்று அர்த்தம். புகையிலைத் தோட்டங்களுக்கு நடுவே ஒரு வீட்டில், மண்குடத்துத் தண்ணீரைச் சுற்றி இருபது முப்பது பேர் வாய் திறக்காமல் உட்கார்ந்திருப்பார்கள். அவ்வளவுதான் அவர்களுடைய வழிபாடு. அதில் ஒருத்தி ரெத்னோவின் அக்கா சுலஸ்மி. கட்டுரையோ அவர்களை ‘வழிகெட்ட கூட்டம்’ என்றது.

ரெத்னோ அதை, ‘வழிகெட்டது என மதத் தலைவர்கள் சிலர் கூறுகின்றனர்’ என்று மாற்றினாள். சரி, குழு என்ன கூறுகிறது? அதற்கு ஒரு துண்டுச் சான்றும் இல்லை. போதனையை எழுதவே கூடாது, வாயிலிருந்து காதுக்குத்தான் போகவேண்டும் என்பது அவர்கள் கட்டுப்பாடு. தனக்குத் தெரிந்ததை எழுதலாம் என்றால், அந்த மகராசி நேர்மையாக, ‘என் அக்கா இக்குழுவில் இருக்கிறாள்’ என்று முதலிலேயே அறிவித்துத் தொலைத்திருந்தாள்.

கலைக்களஞ்சியத்தில் அந்தக் கட்டுரையைக் கவனித்துவந்த, வயதில் மூத்த தொகுப்பாளர் ஹர்ஜோனோ போனில் தன்மையாகத்தான் சொன்னார். “நீங்க சொல்றது செல்லாதும்மா. பேப்பர்ல வந்திருந்தா கொண்டாங்க, நானே போடுறேன்.”

ரெத்னோ நேராக அக்காவின் அடுப்படிக்குப் போனாள். சுலஸ்மி சோயாவில் செய்த தெம்பே வில்லைகளைப் பொரித்துக்கொண்டிருந்தாள்.

“பேப்பர்காரன்கிட்ட நாலு வார்த்தை பேசுக்கா. உங்க தரப்புன்னு ஒண்ணு வேணும்ல.”

“எங்களுக்கு ஏதுடி தரப்பு? தண்ணியப் பார்த்து சும்மா உக்காந்திருக்கோம்.”

“அதையே சொல்லு. நீங்க பேசாம இருந்தா ஊர்ல இருக்கிறவன் பேசுறதுதான் நிக்கும்.”

“உன் கம்ப்யூட்டர் பெட்டிக்குள்ள நிக்கிறதுக்கு நாங்க வாயத் திறக்கணுமாக்கும்,” என்று சுலஸ்மி முறைத்தாள். பிறகு, “சின்ன வயசுலேர்ந்தே நீ பிடிச்ச பிடி விடமாட்ட,” என்று பெருமூச்சு விட்டாள். அதுதான் சம்மதம்.

வந்த நிருபர் நல்ல பையன். சொன்னதை மாற்றாமல் எழுதினான். குடத்தையும் படம் பிடித்தான், வீட்டையும் படம் பிடித்தான். பின்னால் புகையிலைக் கிடங்கின் பெயர்ப்பலகை பளிச்சென்று தெரிந்தது. அதுவரை அந்த வீடு எங்கே இருக்கிறது என்று வெளியாட்களுக்குத் தெரியாது. ரெத்னோ அதைக் கவனித்தாளா? எங்கே கவனித்தாள்! சான்று கிடைத்த குஷியில் இரண்டு பத்தி எழுதிச் சேர்த்தாள். “இப்பதான் தராசு நேரா நிக்குது,” என்றார் ஹர்ஜோனோ. அவளுக்குத் தலைகால் புரியவில்லை.

வெள்ளிக்கிழமை மதியம் கும்பல் வந்தது. கதவைப் பிடுங்கியது, குடத்தைப் போட்டு உடைத்தது. பாதுகாப்புக்கு என்று சொல்லி, உட்கார்ந்திருந்த எல்லோரையும் போலீஸார் லாரியில் ஏற்றிக்கொண்டு போனார்கள். குழுவைக் கலைத்துவிட்டோம் என்று கையெழுத்துப் போட்டவர்களைத்தான் வெளியே விட்டார்கள். சுலஸ்மியும் போட்டாள். போட்டுவிட்டு, சொல்லிக்கொள்ளாமல் கடல் தாண்டி இருக்கும் கலிமந்தானுக்குக் கப்பலேறிவிட்டாள்.

‘குழு தன் விருப்பத்தின்பேரில் கலைந்தது எனக் காவல்துறை தெரிவித்தது’ என்று எல்லாப் பத்திரிகைகளிலும் வந்தது. அந்த வரி கட்டுரையிலும் ஏறியது. ரெத்னோ ஆத்திரத்தில் வெட்டினாள். ஹர்ஜோனோ திரும்பப் போட்டார்.

“வயித்தெரிச்சலாத்தான் இருக்கும்மா. ஆனா உடைச்சாங்க, மிரட்டினாங்கன்னு எந்தப் பேப்பர்ல இருக்கு? இந்தச் சட்டத்த எனக்குச் சொல்லிக்கொடுத்ததே நீங்கதான்.”

 அக்காவின் புது எண்ணை எப்படியோ தேடிப்பிடித்துக் கூப்பிட்டாள்.

“நான்தான்க்கா. நான்தான் உன்னக் காட்டிக்கொடுத்தேன்.”

“நீ எழுதினதுல ஒண்ணும் பொய் இல்லையேடி,” என்றாள் சுலஸ்மி.

 அப்போதும் ரெத்னோ கேட்டாள், பாவி. “நடந்தத ஒரே ஒரு பேப்பருக்குச் சொல்லுவியாக்கா?”

மறுமுனையில் பேச்சில்லை. போனை வைக்கவும் இல்லை. குடத்துக்கு முன்னால் உட்காருவது போல அக்கா அப்படியே இருந்தாள். ரெத்னோ வெகுநேரம் காதில் வைத்திருந்து பார்த்தாள்.

அந்த வரி இன்னும் கட்டுரையில் இருக்கிறது. அதை எடுக்க அவளிடம் சான்று இல்லை.