நீலாம்பாள் வீட்டு நடுச்சுவர்

காலையில் கண் விழித்ததும் நீலாம்பாள் உடனே எழுந்திருக்க மாட்டாள். படுத்தபடியே வலது காலை நடுச்சுவரை நோக்கி நீட்டிப் பார்ப்பாள். கல்யாணமாகி வந்த புதிதில் கால் முழுக்க நீளும், விரல் நுனிகூடச் சுவரைத் தொடாது. மகள் பூவிழி பள்ளிக்கூடம் போன காலத்தில் பாதம் தொட்டது. இப்போது முழங்காலை நன்றாக மடக்கினால்தான் கால் அடங்குகிறது. அதைப் பார்த்த பிறகுதான் எழுவாள். எழுந்ததும், சுவருக்கு அந்தப் பக்கம் குடியிருக்கும் சாமிதுரைக்குக் கேட்கும்படி அன்றைய முதல் வசவை விடுவாள்.

குத்தாலத்துக்குத் தெற்கே, வாய்க்கால் கரையோரம், விவசாயக் கூலிகளுக்கென்று கட்டிக்கொடுத்த இரட்டை வீடுகள் அவை. ஒரே கூரை, நடுவில் ஒரே சுவர், இரண்டு குடும்பம். அந்தத் தெரு வீடுகள் நகரும். ஆற்றில் தண்ணீர் வந்து களிமண் ஊறும்போது ஏதாவது ஒன்று இடம் மாறும். இளவழகன் வீட்டு முன்தூண் ஒரு வருஷம் கூடத்து நடுவில் வந்து நின்றது. கன்றுக்குட்டியை அதில் கட்டினார்கள். இன்னொரு வீட்டு வாசல் கிழக்கிலிருந்து தெற்குக்குப் போனது. கோலத்தைத் தெற்கே போட்டார்கள். அடுத்த வருஷமோ அதற்கடுத்த வருஷமோ எல்லாம் பழைய இடத்துக்கு வந்துவிடும். நீலாம்பாளின் நடுச்சுவர் மட்டும் வந்த இடத்தைவிட்டுத் திரும்பியதே இல்லை.

வருஷத்துக்கு ஒரு மண்வெட்டி என்று வரப்பைச் சீவிச் சீவியே அடுத்தவன் வயலைத் தின்கிறவர்களை அவள் பார்த்திருக்கிறாள். போனது திரும்பி வந்தால் அது மண்ணின் வேலை. திரும்பாவிட்டால் அதில் ஒரு கை இருக்கிறது. அந்தக் கை சாமிதுரையுடையது. ஒரு காலத்தில் அண்ணே என்று கூப்பிட்ட ஆளை அவள் யோவ் என்று கூப்பிட ஆரம்பித்தது அப்படித்தான்.

மனு மேல் மனு கொடுத்து, ஒருமுறை அளக்க ஆள் வந்தார். டேப்பை இழுத்துப் பார்த்துவிட்டு, “பிளான்ல உள்ள அளவுதாம்மா இருக்கு” என்றார்.

“அப்ப நான்தான் வீங்கிட்டனா?”

கணவர் கண்ணுசாமி சிரித்துவிட்டார். அன்று அவருக்குச் சோறு இல்லை.

பூவிழி பி.எட். முடித்து, சீர்காழியில் வாழ்க்கைப்பட்டாள். வளைகாப்பன்று, வளையல் போட வந்த பெண்கள் அத்தனை பேர் முன்னாலும் சம்பந்தியம்மாள் சொன்னாள்: “தலைப்பிரசவம் அம்மா வீட்லதான், அது முறை. ஆனா புள்ளத்தாச்சி ஒருக்களிச்சுப் படுக்க எடம் வேணுமே. இங்கயே ஆவட்டும்.”

நீலாம்பாள் அடுத்த பஸ்ஸைப் பிடித்தாள். வீட்டுக்கு வந்ததும் கடப்பாரையை எடுத்தாள்.

“பட்டுப்பொடவைய மாத்திக்கிட்டாவது போயேன்” என்றார் கண்ணுசாமி.

சாமிதுரை வீட்டு வாசல், பல வருஷமாக அவள் மிதிக்காதது. “யோவ், எம்மவ படுக்கிற எடத்தத் தின்னுட்டு நீ காலை நீட்டிக்கிட்டுக் கெடக்கிறியா?” என்று கத்திக்கொண்டே உள்ளே நுழைந்தவள் அப்படியே நின்றுவிட்டாள். அது அறை இல்லை, சந்து. மனைவி இறந்து, மகனும் வெளியூர் போன பிறகு தனியாளாகிவிட்ட சாமிதுரை, முழங்கால்களை நெஞ்சோடு மடக்கி உட்கார்ந்து கஞ்சி குடித்துக்கொண்டிருந்தார்.

“வா நீலா. நிக்க எடம் இருந்தா நில்லு.”

“ஒன் எடம் எங்கய்யா போச்சு?”

“அத நான்ல ஒன்னக் கேக்கணும். நீதான் சீவுறன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேன்.”

“நானா?”

“கூச்சல் போடுறவதான தின்னுவா.”

“வாயத் தொறந்து கேட்டிருக்கலாம்ல?”

“கேக்க வந்தேன். என் முறைத் தண்ணிய அடைச்சியே, அந்த வருஷம். மம்பட்டியோட நின்ன. திரும்பிட்டேன்.”

அவளுக்கு நினைவிருந்தது. அப்போது இருவரும் ஒரே வாய்க்காலில் அடுத்தடுத்த வயல்களைக் குத்தகைக்கு எடுத்திருந்தார்கள். அன்று தண்ணீர் அவருடைய முறை. இடம் திருடுகிறவனுக்குத் தண்ணீர் எதற்கு என்று மடையில் மண்ணைப் போட்டு அடைத்துத் தன் வயலுக்குத் திருப்பிக்கொண்டாள். அவருடைய குறுவை நாற்றங்கால் பழுத்துக் காய்ந்தது. வயல் தரிசாகக் கிடக்க, உடையவர் குத்தகையை வேறு ஆளுக்கு மாற்றினார். அதிலிருந்து சாமிதுரை அடுத்தவர் களத்தில் மூட்டை தூக்குகிறார்.

கையில் கடப்பாரை இருந்தது. சுவரில் ஓங்கிக் குத்தினாள். செங்கல் பெயர்ந்தது. அதன் பின்னால் செங்கல். அதற்கும் பின்னால் செங்கல். கடப்பாரை முழுக்க உள்ளே போயும் அந்தப் பக்கம் வெளிச்சம் தெரியவில்லை. இரண்டு வீட்டையும் தின்று சுவர் உள்ளுக்குள்ளேயே கொழுத்திருந்தது.

“இதுல நெல்லு மூட்டை அடுக்கலாம் போலருக்கே” என்றார் பின்னாலேயே வந்து நின்ற கண்ணுசாமி.

“வாய மூடிக்கிட்டு மம்பட்டிய எடுங்க.”

இடிக்க இடிக்க அவளுக்கு ஆத்திரம் ஏறியதே தவிர இறங்கவில்லை. சுவரைத் திட்ட வாய் வரவில்லை. திட்டினால் திருப்பித் திட்டுகிற ஆள் வேண்டும். இத்தனை வருஷம் திட்டு வாங்கிய ஆளோ பக்கத்தில் நின்று செங்கல்லைக் கூடையில் வாரிக்கொண்டிருந்தார். டேப் பிடித்துப் பொய் சொன்னவருக்கு மோர் கொடுத்து அனுப்பியது ஞாபகம் வந்தது. மோர் அவருக்கு, வசவு இந்த மனுஷனுக்கு. அதை நினைத்தபோது இன்னும் பலமாக ஒரு குத்து விழுந்தது.

கூரைக்கு இளவழகன் தென்னங்கட்டைகளை முட்டுக்கொடுத்தான். இரண்டு வீடும் ஒரே கூடமாயின. பூவிழி வந்து, காலை நீட்டிப் படுத்து, பெண் பிள்ளை பெற்றாள். சாமிதுரை தன் பங்கு இடத்தையும் அவளுக்கே விட்டுவிட்டு மாரியம்மன் கோயில் கொட்டகைக்குப் படுக்கப் போனார்.

ஆற்றில் தண்ணீர் வந்த வாரம் நீலாம்பாள் அவரைத் தேடிப் போனாள். அவர் துணிப்பையைக் கட்டிக்கொண்டிருந்தார்.

“ஒன்னோட முறைத் தண்ணி ஒண்ணு எங்கிட்ட நிக்குது. வாங்கிக்க.”

“எந்த வயலுக்கு நீலா?”

“ஒரு வயலப் புடி. குத்தகை நான் பேசித் தர்றேன்.”

“மவன் வரச் சொல்லிட்டான். திருப்பூர்ல மூணாவது மாடி. அங்க எங்க பாய்ச்சுறது?”

அவர் விளையாட்டாகத்தான் சொன்னார். அவளுக்குச் சுரீரென்றது. “என்னயக் கடன்காரியா நிக்க வெச்சிட்டுப் போறியே, இது ஒனக்கு அடுக்குமா?” என்று தெருவே கேட்கக் கத்தினாள். அவர் பையைத் தோளில் போட்டுக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தார்.

அந்த வாரமே அவள் முறை வந்தது. மடையைத் திறந்தாள். தண்ணீர் அவள் வயலுக்குத்தான் போனது. அவருக்குத் தர வேண்டிய ஒரு முறை இன்றுவரை அப்படியே நிற்கிறது.