காதோடு நின்ற முகம்

ஜோகுபாளையம் ஓஸ்வால்டிடம் எல்லாம் கிடைக்கும் என்பார்கள். ரயில் வருவது, ஆறு பெருகுவது, வைக்கோல்போர் எரிவது, கூட்டம் கூடுவது. ஓடித் தேய்ந்த செய்திப்படம், கேமரா வைத்திருந்த துரைமார்கள் எடுத்துச் சலித்துப் போட்ட சுருள், எதுவானாலும் வாங்கிவருவார். ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, தேறும் துண்டுகளை வெட்டி மதராஸ், சேலம் படக் கம்பெனிகளுக்கு அனுப்புவார். வெள்ளம் வேண்டுமென்று மழைக்குக் காத்திருப்பதைவிட ஓஸ்வால்டுக்கு ஆள் அனுப்புவது அவர்களுக்குச் சுலபம்.

கம்பெனிக்காரர்கள் ஒன்றில் மட்டும் கறார். துண்டில் யாரும் கேமராவைப் பார்க்கக் கூடாது. அதனால் கூட்டத்தில் ஒரு தலை இந்தப் பக்கம் திரும்பினாலும் ஓஸ்வால்ட் அங்கே கத்தரி வைத்துவிடுவார். யார் தலை என்று பார்ப்பதில்லை. விரல் அகலப் படத்தில் அது தெரியவும் தெரியாது. கழித்ததெல்லாம் மனைவி பியாட்ரிஸிடம் போகும். புழக்கடை அண்டாவில் சலவைச் சோடா போட்ட வெந்நீரில் ஊறவைத்துத் தேய்த்தால் படம் கரைந்து, வெறும் ஃபிலிம் கண்ணாடி மாதிரி நிற்கும். பொம்மைப் பெட்டி செய்கிறவர்கள் மூடியில் கண்ணாடியாக ஒட்ட வாங்கிப்போவார்கள்.

1940-இல் ஓஸ்வால்டின் துண்டு ஒன்று இருந்த படம் கண்டோன்மென்ட் கொட்டகைக்கு வந்தது. பியாட்ரிஸின் தம்பி நோயல் இருவரையும் இழுத்துக்கொண்டு போனான். மகள் டோரதி டைபாய்டில் இறந்ததிலிருந்து அக்கா கோயிலைத் தவிர வேறெங்கும் கிளம்புவதில்லை.

படத்தில் ஜமீன்தார் கல்யாண ஊர்வலம். தெருவெல்லாம் ஜனம்.

"மச்சான், உங்க சரக்கு வந்துடுச்சு," என்றான் நோயல். "ஜமீன்தாரப் பாக்குறாங்களாம். முந்தின வருஷம் மாதா தேர் பாக்க வந்த ஜனம்தானே இது?"

"சும்மா இருடா. பக்கத்துல கேக்கும்."

திரையோரத்தில் ஒரு சிறுமி நடந்துபோனாள். நடந்தபடியே குனிந்து, இறங்கிய சாக்ஸை இழுத்துவிட்டாள். நிமிர்ந்தாள். தலை இந்தப் பக்கம் திரும்பத் தொடங்கியது. அதற்குள் ஜமீன்தாரின் மீசை வந்துவிட்டது.

பியாட்ரிஸ் ஓஸ்வால்டின் மணிக்கட்டைப் பிடித்திருந்தாள். நகம் பதிந்தது அவளுக்குத் தெரியவில்லை.

டோரதிக்கு வீட்டில் ஒரு போட்டோகூடக் கிடையாது. கோயிலில் முதன்முதலாக அப்பம் வாங்கும் புதுநன்மை அன்று வெள்ளைக் கவுனில் எடுத்துக்கொள்ளலாம் என்று இருந்தார்கள். அதற்கு முன்பே அவள் போய்விட்டாள்.

"இந்தப் பக்கம் திரும்பினாளே," என்றாள் பியாட்ரிஸ், வீட்டுக்குள் நுழைந்ததும். "அதுக்கப்புறம் எங்க?"

"கேமராவைப் பாத்திருப்பா."

"அதான், எங்க?"

ஓஸ்வால்டின் கண் புழக்கடை அண்டா மேல் போய்த் திரும்பியது. அவளும் அங்கேதான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வேற யார்கிட்டயும் இருக்காதா?"

"ஒரே சுருள்தான். எடுத்த துரையும் கப்பலேறிட்டான்."

பியாட்ரிஸ் தன் கைகளைப் பார்த்தாள். "தேர்க்கூட்டத்துக் கழிவு எவ்ளோ தேய்ச்சாலும் போகலன்னு சொன்னேனே, ஞாபகமிருக்குங்களா? இன்னும் ரெண்டு கை சோடா அள்ளிப் போட்டேன்."



படம் ஊர் மாறும் முன் ஓஸ்வால்ட் கொட்டகை ஆபரேட்டரைப் பிடித்து, அந்தத் துண்டை வெட்டி வாங்கிவந்தார். பியாட்ரிஸ் அதை ஜன்னலில் பிடித்துப் பார்த்தாள். குனிந்தது இருந்தது, நிமிர்ந்தது இருந்தது. முகம் காதோடு நின்றுபோயிருந்தது.

அவள் வேலையை விடவில்லை. ஆனால் ஒவ்வொரு கழிவையும் வெளிச்சத்தில் பிடித்து, முகம் முகமாகப் பார்த்த பிறகே அண்டாவில் போட்டாள். அதற்குள் வெந்நீர் ஆறிவிடும். மறுபடி அடுப்பு மூட்டுவாள். பொம்மைப் பெட்டிக்காரர்கள் வாசலில் நின்று சலித்துக்கொள்வார்கள்.

"மெதுவாத்தான் ஆகும்," என்பார் ஓஸ்வால்ட். "அவசரம்னா வேற இடம் பாத்துக்கங்க."