டீக்ஸ் தாமதமாகப் போன நாள்

டீக்ஸ் எதற்குமே நேரத்துக்கு வந்தவன் இல்லை. வேலைக்கிருந்த காலம் முழுக்கப் பால் வண்டி ஓட்டினான். விடியற்காலையில் பண்ணை பண்ணையாகப் போய்ப் பால் எடுத்து வர வேண்டும். எங்கள் பக்கத்து மூடுபனியில் பசுக்களுக்குக் கால்கள் தெரியாது, முதுகுகள் மட்டும் வெள்ளையில் மிதக்கும். இவன் வண்டியை ஓரங்கட்டிவிட்டு அதைப் பார்த்துக்கொண்டு நின்றுவிடுவான். பால் பண்ணைக்காரர்கள் திட்டினால், "மாடெல்லாம் மிதந்துக்கிட்டு இருந்துச்சு, எப்படிப் பாதியில விட்டுட்டு வர்றது?" என்பான். தன் கல்யாணத்துக்கே தாமதமாக வந்த ஆள். அவன் மனைவி அலெய்டா அதை இன்றுவரை சொல்லிக்காட்டாமல் விட்டதில்லை.

அப்படிப்பட்டவனுக்கு நேரம் குறித்தாகிவிட்டது. வியாழக்கிழமை, மதியம் இரண்டு மணி. நுரையீரலில் புற்று. இனி மூச்சுத் திணறித்தான் முடியும் என்று தெரிந்ததும், ஊசி போட்டு நிம்மதியாக அனுப்பிவிடச் சொல்லி டீக்ஸே எங்கள் டாக்டரிடம் கேட்டுக்கொண்டான். எங்கள் நாட்டுச் சட்டம் அதற்கு இடம் கொடுக்கிறது. வெளியூரிலிருந்து இன்னொரு டாக்டர் வந்து, அவனோடு தனியாகப் பேசி, தெளிந்த மனதோடுதான் கேட்கிறான் என்று சொல்லிவிட்டுப் போனார். கடைசி நிமிடத்திலும் ஒருமுறை கேட்பார்கள். அவன் வாயால் ஆமாம் சொன்னால்தான் ஊசி.

அவன் சொல்லிவிடுவான், எனக்குத் தெரியும். அவனுக்கிருந்த ஆசை ஒன்றே ஒன்றுதான்: அலெய்டா பக்கத்தில் இருக்க வேண்டும். அவளோ அசையவில்லை. "நான் சமையலறையில இருப்பேன். என்னால அதப் பாக்க முடியாது" என்று டீக்ஸிடம் சொல்லிவிட்டாள். என்னிடம் வந்து பொருமினாள். "காலமெல்லாம் என்னக் காக்க வச்சான் ரீனி. இதுக்கு மட்டும் நேரத்துக்குப் போறானாம்!" ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. எனக்கு அதுதான் பயமாக இருந்தது.

எங்கள் ஊரில் சாவு வீட்டு வேலை உறவுக்காரர்களுடையது இல்லை, அண்டை வீட்டாருடையது. குளிப்பாட்டுவது, சேதி சொல்வது, பெட்டி தூக்குவது எல்லாம் நாங்கள்தான். டீக்ஸுக்கு அடுத்த வீடு நான். உயிர் போனதும் அவன் வீட்டு ஜன்னல் திரையை நான் இழுத்து மூட வேண்டும். அதைப் பார்த்துத் தெருவே தன் திரைகளை மூடும்.

வியாழக்கிழமை மதியமாகியும் பனி விலகவில்லை. டீக்ஸின் கட்டில் முன் ஜன்னலோரம் கிடந்தது. டாக்டர் போன் செய்தார்: ஒற்றைப் பாதையில் பீட் கிழங்கு ஏற்றிப்போகும் டிராக்டருக்குப் பின்னால் மாட்டிக்கொண்டாராம். நாங்கள் மூவரும் காப்பி போட்டுக் குடித்தோம். இரண்டு மணி தாண்டியது.

எதிர்வீட்டுத் திரை சடாரென்று மூடியது.

எதிர்வீட்டு யோஹானுக்குக் கடிகாரம்தான் வேதம். எங்கள் ஜன்னலைப் பார்க்காமல் கடிகாரத்தைப் பார்த்துத் தொலைத்திருக்கிறான். அவனைப் பார்த்துப் பக்கத்து வீடு, அதைப் பார்த்து அடுத்த வீடு என்று தெரு முழுக்கத் திரைகள் மூடிக்கொண்டே போயின.

டீக்ஸ் அதைப் பார்த்தபடி படுத்திருந்தான். "ரீனி, நான் செத்துட்டேன் போலிருக்கே. எங்கிட்ட யாரும் ஒரு வார்த்தை சொல்லலையே" என்று சிரித்தான். சிரிப்பு இருமலாகி மூச்சை அடைத்தது.

அலெய்டா வீட்டுச் செருப்போடு தெருவுக்கு ஓடினாள். யோஹான் வீட்டுக் கண்ணாடியை இரண்டு கையாலும் அடித்தாள்.

"திறய்யா! எவன்யா உன்ன மூடச் சொன்னது?"

யோஹான் கறுப்புக் கோட்டோடு எட்டிப் பார்த்தான். "ரெண்டு மணின்னுதானே சொன்னீங்க..."

"அவன் என்னிக்கு நேரத்துக்குப் போயிருக்கான்? உசிரோட இருக்கான்யா என் புருஷன்! உசிரோட இருக்கான்!"

அங்கேயே, நடுத்தெருவில் நின்று, அத்தனை நாள் அடக்கி வைத்ததை எல்லாம் அழுதாள். பாவி மகள், அப்படி அழுது நான் பார்த்ததில்லை. எனக்கும் தாங்கவில்லை.

திரைகள் ஒவ்வொன்றாக விலகின. பனிக்குள் விளக்குப் போட்ட ஜன்னல்கள் மட்டும் தெரிந்தன, தரையைத் தொடாமல் நிற்பதுபோல. ஒவ்வொன்றிலும் அசடு வழிய ஒரு முகம். டீக்ஸ் படுத்தபடியே இரண்டு விரலைத் தூக்கினான். வண்டி ஓட்டும்போது எதிரே வருபவர்களுக்காக ஸ்டியரிங்கிலிருந்து எழும் அதே இரண்டு விரல். அத்தனை ஜன்னல்களிலும் கைகள் உயர்ந்தன.

அலெய்டா உள்ளே வந்தாள். சமையலறைப் பக்கம் திரும்பவில்லை.

"தள்ளிப் படு" என்றாள்.

"செருப்பு ஈரம்டி."

"வாய மூடிக்கிட்டுத் தள்ளு."

டாக்டர் மூச்சிரைக்க வந்து மன்னிப்புக் கேட்டார். "எனக்கு மேல லேட்டா வந்த ஒரே ஆளு நீங்கதான் டாக்டர்" என்றான் டீக்ஸ். அவர் கட்டிலருகே உட்கார்ந்து, கேட்க வேண்டியதைக் கேட்டார். டீக்ஸ் முதலில் அலெய்டாவைப் பார்த்தான். அவள் அவன் கையைத் தன் மடிக்கு இழுத்துக்கொண்டாள்.

"ஆமா" என்றான். தெளிவாகச் சொன்னான்.

ஊசி ஏறிக் கண் சொருகும்போது ஜன்னலைப் பார்த்து, "மிதக்குதுங்க" என்று முனகினான். பிறகு தூங்கிப்போனான். சற்று நேரத்தில் டாக்டர் என்னைப் பார்த்துத் தலையசைத்தார்.

எழுந்துபோய்த் திரையில் கை வைத்தேன். எதிரே யோஹானும் தன் திரையைப் பிடித்துக்கொண்டு, இந்த முறை என்னையே பார்த்து நின்றான்.

"விடு ரீனி" என்றாள் அலெய்டா. டீக்ஸின் கையை அவள் இன்னும் விடவில்லை. "கொஞ்சம் லேட்டாவே போகட்டும்."

நான் கையை எடுத்தேன். எதிரே யோஹானும் எடுத்துவிட்டான்.