வெண்கட்டி பூசிய வெள்ளை

வெண்கட்டித் தூள் படிந்த அந்தச் சட்டைக் கையை நினைத்தாலே எனக்கு இப்போது ஓங்காளம் வருகிறது. ஒரு காலத்தில் அதைப் பார்த்து வகுப்பு முழுவதும் சிரித்தது. நானும் வாசலில் நின்று சிரித்திருக்கிறேன். உயர்தர வகுப்புக்குக் கிரேக்க உரோம நாகரிகம் படிப்பிக்க எங்கள் தீவுப் பள்ளிக்கூடத்தில் இரண்டே பேர்தான் இருந்தோம். கிரேக்கம் எனக்கு, உரோமாபுரி உப அதிபருக்கு. பதவிக்குப் போட்டியிடும் உரோமப் பிரபு தன் அங்கியில் வெண்கட்டியைத் தேய்த்துப் பளிச்சென்று வெளுப்பாக்கிக்கொண்டு சனத்தின் நடுவே இறங்குவான் என்று சொல்லும்போது, உப அதிபர் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்த வெண்கட்டியைத் தன் சட்டைக் கையிலேயே அழுத்தித் தேய்த்துக் காட்டுவார். "பாத்தீங்களோ பிள்ளையள், வெள்ளை வெளியிலைதான். உள்ளுக்கை என்ன கிடக்குதெண்டு ஆருக்குத் தெரியும்?" என்பார்.

நன்றாகத்தான் படிப்பித்தார், அதில் பொய் சொல்ல மாட்டேன். உரோமில் விடியற்காலையில் ஏழை எளியதுகள் பணக்காரன் வீட்டு வாசலில் போய் நிற்கும். அவன் எழும்பி வந்து முகம் காட்டி, கூடையில் கொஞ்சம் சாப்பாடு போட்டு அனுப்புவான். வாங்கியவன் தேர்தல் நாளில் அவன் பின்னாலே போகவேண்டும். இதைச் சொல்லும்போது அவருக்கு முகம் சுருங்கும். தெருவில் எதிர்ப்படுகிறவனைப் பெயர் சொல்லி அழைத்தால் வாக்கு விழும் என்பதற்காக, காதுக்குள் பெயரை ஓதிக்கொடுக்க ஒரு அடிமையைக் கூட்டிக்கொண்டு திரிவார்களாம். "தன்ரை சனத்தின்ரை பேர் தெரியாதவன் எல்லாம் ஒரு தலைவனோ?" என்று மேசையில் தட்டுவார். வரவு எடுக்க அவருக்கு இடாப்பே தேவையில்லை. எந்தப் பிள்ளை, தகப்பன் வலை போடுகிறவரா புகையிலைத் தோட்டக்காரரா, தமையன் எந்த நாட்டில், எல்லாம் நாக்கு நுனியில் இருந்தது. வகுப்பின் முன்வாங்கில் இருந்த மீன்பிடிக் குடும்பத்துப் பெட்டை ஒருத்தியிடம் அவருக்குத் தனிப் பெருமை. உரோமச் செனற் சபையைப் பற்றி அவள் எழுதிய விடையை ஆசிரியர் அறைக்குக் கொண்டுவந்து எங்கள் எல்லோருக்கும் வாசித்துக் காட்டினார்.

ஓய்வு பெற்றதும் மனிதர் பிரதேச சபைத் தேர்தலில் நின்றார். எங்கள் கடற்கரைப் பக்கத்துக் கிணறுகள் எல்லாம் உவர். கோடை வந்தால் தேத்தண்ணீர் வைத்தாலும் உப்புக் கரிக்கும். மலையிலிருந்து கால்வாய் கட்டி உரோமர் நகரத்துக்குத் தண்ணீர் கொண்டுவந்த கதையை வருடக்கணக்காய்ப் படிப்பித்தவர், எங்களுக்கு ஒரு குழாயாவது கொண்டுவர மாட்டாரா என்று ஊரே நம்பியது. வேதக்காரர், சைவக்காரர் என்ற பேதமில்லாமல் எல்லோரும் அவருக்கே போட்டார்கள். வென்றார்.

தண்ணீர்த் தாங்கியும் வந்தது. அது அவர் வாங்கியதில்லை. வெளிநாட்டில் இருக்கும் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் சேர்ந்து எடுத்துக் கொடுத்தது. மாதா கோயில் தெரு முடக்கில், மீன்பிடிக் குடியிருப்புக்கும் தோட்டக்காரர் வீடுகளுக்கும் நடுவில் வைப்பதென்று பேச்சு. சபையின் தண்ணீர்ப் பவுசர் லொறி வந்து நிரப்பிவிட்டுப் போகும். ஆனால் தாங்கி போய் இறங்கியது உப அதிபரின் வளவுக்குள். ஏன் என்று கேட்கப் போனோம். "முடக்கிலை வைச்சால் குழாயைக் கழட்டிக்கொண்டு போயிடுவாங்கள் ரீச்சர். இஞ்சை எண்டால் நான் பாத்துக்கொள்ளுவன்" என்றார். என்ன கண்டறியாத பாதுகாப்பு! எங்கள் ஊரில் கோயில் உண்டியலையே ஒருவரும் தொட்டதில்லை.

அன்றிலிருந்து விடியப்புறம் அவர் வீட்டுப் படலைக்கு வெளியே வாளிகளோடும் கான்களோடும் சனம் நின்றது. ஐயா எழும்ப வேண்டும், குளிக்க வேண்டும், சுவாமி கும்பிட வேண்டும், பிறகுதான் படலை திறக்கும். கஞ்சி போட்ட வேட்டியும் நீலம் போட்ட சட்டையுமாக வந்து படியில் நிற்பார். ஒவ்வொருவராகக் கும்பிட்டுவிட்டு உள்ளே போகவேண்டும். போன தேர்தலில் மற்றப் பக்கம் நின்றவனின் தாய்க்குத் தண்ணீர் எப்போதும் கடைசியில்தான். படிக்கிறது தேவாரம், இடிக்கிறது சிவன் கோயில் என்பார்களே, அதை நான் வாளியோடு நின்று கண்ணாலே பார்த்தேன். அந்த மனிதர் அறியாமல் செய்திருந்தால் மன்னித்திருப்பேன். எல்லாம் தெரிந்து, பாடமாக்கிச் செய்ததைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை.

ஒருநாள் எனக்கு முன்னால் அந்தப் பழைய முன்வாங்குப் பிள்ளை நின்றாள். இப்போது அவளுக்குக் கலியாணமாகி, கைக்குழந்தை. குழந்தைக்கு வயிற்றோட்டம், உவர்த் தண்ணீர் கொடுக்கக் கூடாது, நல்ல தண்ணீர் கொதிக்கவைத்துக் கொடு என்று டொக்டர் சொல்லிவிட்டாராம். இரண்டு கான்களோடு படிக்குக் கிட்டப் போனாள். உப அதிபர் அவளைப் பார்த்துச் சிரித்தார். அது ஆளைத் தெரியாதவன் சிரிக்கிற சிரிப்பு. பக்கத்தில் நின்ற அவருடைய மைத்துனர் குனிந்து அவர் காதுக்குள் ஏதோ சொன்னார். உடனே இவர் முகம் மலர்ந்து, அவள் பெயரைச் சொல்லி, "எப்பிடி இருக்கிறீர்? கனகாலமாய்க் காணேல்லை" என்றார்.

தூ! எனக்குக் கூசியது. அவள் அவரையும் மைத்துனரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"முந்தி என்ரை பேரை உங்களுக்கு ஒருத்தரும் ஓதித் தரத் தேவையில்லை, சேர்" என்றாள்.

மைத்துனருக்கு விளங்கவில்லை. இவருக்கு விளங்கியது. முகம் ஒருகணம் செத்துப்போய்த் திரும்பவும் சிரித்தது. "கெட்டிக்காரி! பாத்தீங்களோ, நான் படிப்பிச்ச பிள்ளை. இன்னும் பாடத்தை மறக்கேல்லை" என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னார். பிறகு மைத்துனரைத் திரும்பிப் பார்த்து, "இவவின்ரை கானை முதல்லை நிரப்பிவிடும். இனி எப்ப வந்தாலும் இவவுக்கு முதல்லை" என்றார்.

அட பாவி! அந்த இடத்தில்கூட மனிதருக்கு அந்த உரோமப் பணக்காரனின் கூடைதான் நினைவுக்கு வந்தது. அவள் குனிந்து இரண்டு கான்களையும் எடுத்தாள். "வேண்டாம் சேர்" என்றாள். வெறும் கான்கள் ஒன்றோடொன்று முட்டிச் சத்தம் போட, வந்த வழியே நடந்தாள். நானும் என் வாளியைத் தூக்கிக்கொண்டு அவள் பின்னால் போனேன். மற்றவர்கள் நின்றார்கள். அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. தண்ணீர் இல்லாமல் ஏலாது. அவளுடைய புருசன் இப்போது கடலுக்குப் போய்வந்த களைப்போடு சைக்கிள் மிதித்து மண்கும்பான் ஊருக்குப் போய் நல்ல தண்ணீர் எடுத்து வருகிறான். குழந்தை தேறிவிட்டது. தாங்கி இன்னும் அந்த வளவுக்குள்தான் நிற்கிறது.

உரோமாபுரியும் இப்போது என் தலையில். போன கிழமை அந்தப் பாடம் வந்தது. வெண்கட்டியைக் கையில் எடுத்தேன். என் சேலையில் தேய்த்துக் காட்ட மனம் ஒப்பவில்லை, வாயாலேயே சொன்னேன். அங்கி, வாசல், கூடை, காதுக்குள் ஓதுகிற அடிமை எல்லாம் சொல்லி முடிய, பின்வாங்கிலிருந்து ஒரு பெட்டை எழும்பினாள்.

"ரீச்சர், இப்பவும் அப்பிடி ஆக்கள் இருக்கினமோ?"

"விடிய அம்மாவோடை தண்ணிக்குப் போறனீரோ?"

"இல்லை ரீச்சர், அம்மாதான் போறவ."

"நாளைக்கு நீரும் போம்" என்றேன். ஒரு பிள்ளையும் சிரிக்கவில்லை. வெண்கட்டியைப் பெட்டிக்குள் போட்டுவிட்டு, விரலில் ஒட்டியிருந்த தூளைத் துடைத்துக்கொண்டேன்.