விமானம் கடக்கும்வரை

மீனம்பாக்கத்தில் இறங்கும் விமானங்கள் எங்கள் அனகாபுத்தூர் மொட்டைமாடிகளை உரசுவதுபோலத்தான் போகும். சத்தம் வந்தால் பேச்சை அப்படியே நிறுத்துவோம். போனதும் விட்ட இடத்திலிருந்து தொடர்வோம். சண்டையாக இருந்தாலும் அப்படித்தான்.

விமானங்களின் வரலாற்றைப் படமெடுப்பது என் பிழைப்பு. தொண்ணூறுகளின் தொடக்கத்தில், பழைய ப்ரொப்பெல்லர் விமானங்களைப் பழுதுபார்த்த எங்கள் ஊர் மெக்கானிக் ஒருவரைப் பேட்டி எடுத்தேன். ஜெட் வந்ததும் அவருடைய இஞ்சின் ஷெட்டை மூடி, அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அதைச் சொல்லும்போது, "வூட்டுக்கு வந்தேன். பொண்டாட்டிகிட்ட..." என்றவர் நிறுத்தினார். தலைக்கு மேலே ஒரு ஜெட். அது போகும்வரை கேமராவையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "சொல்லல. ரொம்ப நாள் சொல்லல. டிபன் பாக்ஸ எடுத்துகினு தெனம் கெளம்பிடுவேன்" என்றார்.

படம் நன்றாக இருக்கிறது, ஆனால் ஜெட் போகும்வரை அவர் காத்திருக்கும் அந்த இடத்தை வெட்டினால்தான் ஒளிபரப்புவோம் என்றார் தொலைக்காட்சி அதிகாரி. அங்கே ஒன்றும் நடக்கவில்லையாம். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அந்த மனிதரின் வேலையைப் பறித்ததும் ஜெட், அதைச் சொல்லவிடாமல் வாயை அடைப்பதும் ஜெட். இதைக் காட்டாமல் விமான வரலாறு என்று என்ன புண்ணாக்கைக் காட்டுவது? வெட்ட மாட்டேன் என்று கேசட்டைப் பையில் போட்டுக்கொண்டு எழுந்துவிட்டேன். இனி நமக்கு யார் வேலை கொடுப்பார்கள் என்று கேமராமேன் பல்லாவரம் வரை புலம்பிக்கொண்டே வந்தார்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஊர்க் கல்யாண மண்டபத்தில் டிவியும் வீடியோ டெக்கும் வாடகைக்கு எடுத்து நானே படத்தைப் போட்டேன். மெக்கானிக்கும் அவர் மனைவியும் முன்வரிசையில் இருந்தார்கள். அந்த இடம் வந்தது. டிவியில் அவர் பேச்சை நிறுத்திக் காத்திருக்க, மண்டபமும் பழக்கதோஷத்தில் காத்திருந்தது. சத்தம் தேய்ந்து அவர் வாய் திறப்பதற்குள், மனைவி பக்கத்திலிருந்த கணவரிடம் சொன்னார்:

"எனுக்கு அப்பவே தெரியும்யா. சட்டையில ஆயில் கறையே இல்லாம வந்துகினு இருந்தியே. தொவைக்கிறவ நான்தானே."

மனைவிக்கு அப்போதே தெரியும் என்பது இத்தனை வருஷமாக அவருக்குத் தெரியாது. படத்தை விட்டுவிட்டு அந்த அம்மாவையே பார்த்துக்கொண்டிருந்தார். டிவியில் தானே "சொல்லல" என்றது அவர் காதில் விழுந்திருக்காது.

அந்த இடத்தில் பாதியையாவது வெட்டித் தரச் சொல்லி அதிகாரி பிறகு ஆள்விட்டுக் கேட்டார். ஒரு நொடிகூட வெட்ட மாட்டேன் என்றேன். படம் தொலைக்காட்சியில் வரவேயில்லை. வராமலே போகட்டும்.