ராணிக்குப் பின்னால் ஜெனரேட்டர்

மாரிசெலுக்கு அந்த மே மாதம் முழுக்க ஒரே சந்தேகம்தான். ஜெரிக் ஐஸுக்காக வருகிறானா, தனக்காக வருகிறானா?

கடை கடையாக ஐஸ் போடுவது அவன் தொழில். வீட்டு வாசலில் கோடைக்கு மட்டும் ஹாலோ ஹாலோ என்னும் ஐஸ் இனிப்பு விற்பது அவள் வேலை. மற்ற கடைகளில் கட்டியை இறக்கிவிட்டுப் பறப்பவன், இங்கே மட்டும் உட்கார்ந்து ஐஸைத் துருவியும் கொடுப்பான். அவள் இனிப்புப் பயறைப் போட்டுப் பாலை ஊற்றுவதையே பார்த்துக்கொண்டிருப்பான். அவளுக்குக் கால் தரையில் பாவாது. ஆனால் அந்த மகராசன் வாயைத் திறந்தால், "நாளைக்கு ரெண்டு கட்டியா, மூணா?" என்றுதான் கேட்பான். ஒரு கட்டி வீணாக உருகும் என்று தெரிந்தே அவள் மூன்று என்பாள். பைத்தியம்தான், வேறென்ன!

மாதக் கடைசியில் வரும் சாந்தாகுரூசான் என்னும் சிலுவைத் திருவிழா ஊர்வலத்தில் அவளுக்கு ஹெலேனா ராணி வேடம் கிடைத்தது. பூவளைவின் கீழ் ராணியோடு ஒருவன் கைகோத்து நடக்கவேண்டும். நடந்தவன்தான் அவளுடைய ஆள் என்று ஊரே முடிவு கட்டிவிடும். மாரிசெல் வெட்கத்தை மூட்டை கட்டி வைத்துவிட்டு ஜெரிக்கையே கேட்டாள்.

"ஞாயித்துக்கிழமையா? எனக்கு வேலை இருக்கே," என்றான்.

அன்று முழுக்க அவள் அழுதாள். நெனெங் அத்தை முதுகில் ஒன்று வைத்தாள். "ஐஸ்காரன் நெஞ்சுல வேற என்னடி இருக்கும்? எம்மவன் உங்கூட நடப்பான், மூஞ்சியக் கழுவு."

ஞாயிறு பொழுது சாயும்போது, தொப்பை பிதுங்கிய அத்தை மகனோடு அவள் நடந்தாள். ஒவ்வொரு ராணிக்கும் பின்னால் ஒரு தள்ளுவண்டியில் ஜெனரேட்டர்; வளைவு பல்புகள் எரிவது அதில்தான். மற்ற ராணிகளின் பல்புகள் மங்கி மங்கி எரிந்தன. இவள் மட்டும் பட்டப்பகலாக ஜொலித்தாள்.

கோயில் மேட்டில் பல்புகள் பொசுக்கென்று அணைந்தன. ராணி திரும்பிப் பார்க்கக்கூடாது. அவள் திரும்பினாள். வண்டிக்குப் பின்னால், வேர்வையில் தெப்பலாக நனைந்த சட்டையோடு ஜெரிக், ஜெனரேட்டரைக் கிளப்பும் கயிற்றை இழுத்துக்கொண்டிருந்தான்!

"இதுதான் உன் வேலையா?"

"பின்ன? நல்ல மிஷினுக்கு மூணு ஊரு அலைஞ்சேன்."

"பக்கத்துல நடக்கச் சொன்னா கசந்துச்சோ?"

"பக்கத்துல நடந்தா நேராதான் பாக்கணும்," என்றான், தலையைக் குனிந்துகொண்டு. "இங்கேருந்தா உன்னையே பாக்கலாம்ல."

மாரிசெலுக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக முட்டிக்கொண்டு வந்தன. கிரீடம் காதுவரை சரிந்தது.

"ஏய் ராணி! முன்னாடி பாத்து நட!" என்று ஓரத்திலிருந்து அத்தை கத்தினாள்.

"நாளைக்கு ஐஸ் வேணாம்," என்றாள் மாரிசெல்.

அவன் முகம் சுண்டிப்போனது. "ஏன்?"

"வெறுங்கையோட வா."

"ஐஸ் இல்லாம வந்தா, எதுக்கு வந்தேன்னு உங்கப்பா கேப்பாரே?"

"கேக்கட்டும். நானும் மாசம் பூரா அதைத்தானே கேட்டுக்கிட்டிருக்கேன்."