நிற்கவிருந்த இரண்டாம் ஓலை

ஞானோபதேச வகுப்பில் உபதேசியார் ஆதிக் கிறிஸ்தவர்களைப் பற்றிச் சொல்லும்போதெல்லாம் எனக்கு ஒரு சந்தேகம் வரும். அந்தக் காலத்தில் ஞானஸ்நானம் பெற்ற எல்லாரும் ஒருவரை ஒருவர் அண்ணன், தம்பி, அக்கா, தங்கை என்றுதான் கூப்பிட்டார்களாம். பெற்றவர்கள் வீட்டை விட்டுத் துரத்தினால் சபையே வீடாக இருந்ததாம். "எல்லாரும் அண்ணன் தங்கச்சின்னா அவங்க யாரத்தான் கட்டிக்கினாங்க?" என்று ஒரு நாள் கேட்டேன். தலையில் நறுக்கென்று ஒரு குட்டு விழுந்தது. எனக்கு வாய் அப்போதே கொஞ்சம் நீளம்.

எங்கள் வீடு வாய்க்காலுக்கு மேற்கே, கோயில் மணியும் மில் சங்கும் ஒன்றாகக் கேட்கிற சந்தில் இருந்தது. அப்பா மில்லில் தறி ஓட்டினார். எதிர்வீட்டில் ஒரு விதவைத் தாயும் அவளுடைய ஒரே மகனும் இருந்தார்கள். இரத்த உறவு எதுவும் கிடையாது. சந்துப் பிள்ளைகள் எல்லாரும் அந்தம்மாவை அத்தை என்று கூப்பிட்டோம். நான் பிறப்பதற்குச் சில மாதங்களுக்கு முன்புதான் அத்தையின் கணவர் இறந்துபோனார்.

அத்தைக்குப் பெருமையாகச் சொல்லிக்கொள்ள ஒரே ஒரு கதைதான் இருந்தது. நான் பிறந்தபோது உடம்பெல்லாம் நீலம் பாய்ந்து, அழக்கூட இல்லையாம். அப்பா மில்லில். அம்மாவுக்கு நினைவில்லை. மருத்துவச்சி இந்து, அவளுக்கு ஞானஸ்நானச் செபம் தெரியாது. சாகப்போகிற பிள்ளைக்கு யார் வேண்டுமானாலும் தலையில் தண்ணீர் ஊற்றி ஞானஸ்நானம் கொடுக்கலாம் என்பது சபையின் சட்டம். அந்த வருஷம்தான், எட்டொன்பது வயதில், புதுநன்மை என்கிற முதல் நற்கருணை வாங்கியிருந்த அத்தை மகன், சொம்புத் தண்ணீரை எடுத்து என் தலையில் ஊற்றி, செபத்தை ஒரு சொல் பிசகாமல் சொன்னாராம். உடனே நான் வீறிட்டு அழுதேனாம். "எம் புள்ளதான் இவளுக்கு ஞானஸ்நானம் குடுத்தான்" என்று கிறிஸ்துமஸுக்கு ஒரு தடவை, பாஸ்காவுக்கு ஒரு தடவை அத்தை சொல்லாமல் இருந்ததில்லை. சந்தில் எல்லாருக்கும் அது மனப்பாடம்.

நான் வளர்ந்தேன். அத்தை மகன் மில் பட்டறையில் ஃபிட்டராகச் சேர்ந்தார். எப்போது, எப்படி என்றெல்லாம் என்னைக் கேட்காதீர்கள். கட்டினால் அவரைத்தான் கட்டுவது என்று நான் முடிவு செய்திருந்தேன், அவரும் அப்படியே. அம்மாவுக்கு விஷயம் தெரிந்தது. அப்பாவும் நல்ல பையன், நிலையான வேலை என்று சம்மதித்தார். பிரெஞ்சுக் கொடி இறங்கி நாலைந்து வருஷம் ஆகியிருந்த சமயம் அது.

கோயிலில் முதல் ஓலை வாசித்தார்கள். இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லாமல் மறைத்தால் பாவம் என்று மூன்று ஞாயிறு பூசையில் அறிவிப்பதற்குத்தான் ஓலை என்று பெயர். அன்று சாயங்காலமே, சந்தில் செபமாலை சொல்லித்தரும் ஓர் அம்மாள் அழுதுகொண்டே பங்குச்சாமியிடம் போய்விட்டாள். பாவம், அவளுக்கு எங்கள்மேல் கோபம் எதுவும் இல்லை. நரகத்துக்குப் பயம், அவ்வளவுதான்.

சாமி எங்களைக் கூப்பிட்டனுப்பினார். அவர் பிரெஞ்சுக்காரர். கொடி போனாலும் அவர் போகவில்லை. தமிழைப் புத்தகத்தில் படித்தபடியே பேசுவார்.

"நீர் ஊற்றியவர் அந்தப் பிள்ளைக்கு ஞானத் தகப்பன் முறை ஆகிறார். தகப்பன் மகளை மணந்தால் செல்லாது. ஆயினும் மேற்றிராணியாரிடம் விலக்குக் கேட்கலாம். பெரும்பாலும் தருவார்" என்றார். மேற்றிராணியார் என்றால் பிஷப்.

எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. ஆனால் அப்பா எழுந்துவிட்டார்.

"மேற்றிராணியார் தருவாரு சாமி. ஊர் வாய யாரு மூடறது? அப்பன் மொறையில இருக்கறவனுக்குப் பொண்ணக் குடுத்தவன்னு மில்லுல சிரிப்பானுங்க. வேணாம் சாமி."

வீட்டுக்கு வந்ததும் ரெட்டியார்பாளையத்தில் ஒரு பையன் இருக்கிறான், வருகிற வாரம் வந்து பார்க்கச் சொல்கிறேன் என்றார். அப்பா ஒன்றைச் சொல்லிவிட்டால் சொன்னதுதான். நான் சோற்றுத் தட்டைத் தள்ளிவிட்டுச் சுவரைப் பார்த்து உட்கார்ந்தேன். எனக்கு ஓர் அப்பாவே ஜாஸ்தி, இதில் இன்னொருவரா என்று முணுமுணுத்தது அம்மாவுக்கு மட்டும் கேட்டது.

மறுநாள் குழாயடியில் அத்தை மகனைப் பிடித்தேன்.

"நெசமாவே நீதான் ஊத்தினியா?"

"நல்லா ஞாபகம் இருக்குது. சொம்பு கையில சில்லுன்னு இருந்துச்சு."

"அந்த ஞாபகத்தக் கொஞ்சம் மறந்தாத்தான் என்ன?"

"பொய்ச் சத்தியம் பண்ணச் சொல்றியா?"

நல்லவரைக் காதலிப்பதில் இருக்கிற தொல்லை இதுதான். குடத்தை நிரப்பாமலே எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

அந்த வாரம் அத்தை வீட்டுக் கதவு திறக்கவே இல்லை. சனிக்கிழமை, ஓலையை நிறுத்தச் சொல்வதற்காக அப்பா எங்களையும் கூட்டிக்கொண்டு சாமியார் பங்களாவுக்குப் போனார். அப்பா பேச ஆரம்பித்தபோது, அத்தை தன் மகனோடு வந்து வாசற்படிக்கு வெளியிலேயே நின்றாள். எங்கேயும் அப்படித்தான் நிற்பாள். சாமி உள்ளே வரச் சொன்னார். வரவில்லை.

"எம் புள்ள ஊத்தல சாமி. நாந்தான் ஊத்தினேன்."

அத்தை தலைமுக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு, தரையைப் பார்த்தே சொன்னாள்.

"மருத்துவச்சி வெந்நி கேட்டு வுட்டா. பின்பக்கமா எடுத்துக்கினு போனேன். புள்ள போயிடும்னா. இவன உபதேசியார இட்டாரச் சொல்லி ஓடவுட்டேன். அதுவரைக்கும் தாங்காதுன்னு தோணிச்சு. நானே ஊத்தி, நானே செபம் சொன்னேன். புள்ள அழுதுட்டுது. அப்பறம் பயம் வந்துடுச்சு சாமி. புருசன் செத்து வருசம்கூடத் திரும்பல. தாலி அறுத்தவ கைத்தண்ணியா மொதமொதல்ல எம் பொண்ணு தலையில வுழணும்னு கேப்பாங்களே. அதான் இவன் ஊத்தினான்னு சொன்னேன். சின்னப் புள்ள கை, யாருக்கும் தோசமில்லன்னு."

அவர் தன் தாயையே பார்த்துக்கொண்டிருந்தார். "அப்ப அந்தச் சொம்பு?"

"உபதேசியார் வீட்ல இல்லன்னு நீ ஓடியாந்த. காலிச் சொம்ப உங்கையில குடுத்துக் கெணத்தடியில வையின்னேன். நான் சொல்லிச் சொல்லி நீயே நம்பிட்ட."

அப்பா லேசில் மசிகிற ஆள் இல்லை. "கல்யாணம் நிக்குதேன்னு இப்பச் சொல்றியா?" என்று கேட்டார். அந்தக் கேள்வியில் நியாயம் இருந்தது. மருத்துவச்சி இறந்து வெகு காலம். வேறு சாட்சி கிடையாது.

அப்போதுதான் அதுவரை வாயே திறக்காத அம்மா பேசினாள். "அவங்க சொல்றது நெசம். அந்த மயக்கத்துல ஒரு பொம்பளக் கொரலு ஞானஸ்நானச் செபம் சொன்னது எங்காதுல வுழுந்துச்சு. மாதாவே வந்தாங்கன்னு நெனச்சிக்கினு யாருகிட்டயும் சொல்லாம வெச்சிருந்தேன்." சொல்லிவிட்டு அம்மா அழ ஆரம்பித்தாள். மாதா போய் எதிர்வீட்டு அத்தை ஆகிவிட்ட ஏமாற்றமோ என்று ஒரு கணம் நினைத்தேன். அது ஏமாற்றம் இல்லை. நல்ல நாள் ஒவ்வொன்றிலும் அத்தையைக் கூடத்துக்கு அழைக்காமல், சமையல்கட்டு வழியாகச் சாப்பாட்டு இலையைக் கொடுத்தனுப்பியவள் அம்மாதான். அப்பாவோ, காலையில் வேலைக்குக் கிளம்பும்போது அத்தை எதிரே வந்தால் திரும்ப வீட்டுக்குள் போய் ஒரு வாய் தண்ணீர் குடித்துவிட்டுத்தான் புறப்படுவார். கழுத்தில் சிலுவை போட்டிருந்தோம், பழைய சகுனம் ஒன்றையும் விட்டுவிடவில்லை.

சாமி அத்தையைச் சுவிசேஷப் புத்தகத்தில் கை வைத்துச் சத்தியம் செய்யச் சொன்னார். அதற்காகத்தான் அத்தை படியேறி உள்ளே வந்தாள். பிறகு சாமி அப்பாவைப் பார்த்துத் திரும்பினார்.

"ஆதிச் சபையிலே விதவைகளுக்குத் தனி வரிசை இருந்தது. சபையார் அவர்களைத் தாய்மாராக வைத்துக் காத்தார்கள். இந்த அம்மாள் உம்முடைய மகளுக்கு ஞானத்தாய் ஆகிறாள். முறை அவளோடு நின்றுவிடுகிறது, அவள் மகனைத் தொடாது. தடை இல்லை."

தடை இல்லை என்ற அந்த வார்த்தையை நான் பூசையில் கேட்டிருந்த எந்த வார்த்தையையும்விடப் பக்தியோடு கேட்டேன். சிரிப்பு வந்தது. அவரைப் பார்த்தேன். அசட்டுத்தனமாகத் தன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வாரம் முழுக்க எனக்கு அப்பாவாக இருந்த மனிதர். வெளியே வந்தபோது அத்தை வழிவிட்டு ஒதுங்கினாள். அப்பா தயங்கி நின்று, அவள் முன்னால் போகட்டும் என்று கையைக் காட்டினார்.

இரண்டாம் ஓலையையும் மூன்றாம் ஓலையையும் ஒழுங்காக வாசித்து முடித்தார்கள். ரெட்டியார்பாளையத்துப் பையனுக்கு வேறு இடத்தில் அமைந்தது, நல்லபடியாக இருந்தான் என்று கேள்வி.

கல்யாணத்தன்று காலை, கோயிலுக்குக் கிளம்புமுன் எங்கள் வீட்டுக் கூடத்தில் தாலித் தட்டைப் பெரியவர்களிடம் காட்டினார்கள். ஒவ்வொருவரும் தாலியைத் தொட்டு ஆசீர்வதிப்பது வழக்கம். அத்தை மாப்பிள்ளையின் தாய், இருந்தும் கடைசியில் கதவோரமாக நின்றிருந்தாள். தட்டு பக்கத்தில் வந்ததும் இரண்டு கைகளையும் சேலைக்குள் மறைத்துக்கொண்டு பின்னால் நகர்ந்தாள். தட்டை ஏந்தி வந்த என் சித்தியும் அது சரிதான் என்பதுபோல் அடுத்தவரிடம் திரும்பினாள்.

அப்பா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து சித்தி கையிலிருந்து தட்டை வாங்கினார். அவருக்கு அப்படியெல்லாம் செய்து பழக்கமில்லை. தட்டு ஆடி, அட்சதை கொஞ்சம் தரையில் சிந்தியது. அத்தையின் முன்னால் தட்டை நீட்டிக்கொண்டு நின்றார்.

"தொடுங்க சம்பந்தி. நீங்க தொட்டுத்தான் எம் பொண்ணு பொழச்சா."